வீட்டுக் கடன்: கடைசியில் எவ்வளவு கட்டுகிறோம்? மலையகத்தில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஹட்டனில் ஒரு வங்கியின் கடன் பிரிவில் பல வருடம் வேலை செய்து ஓய்வுபெற்றவன் நான். ஆசிரியர்மார், தோட்ட உத்தியோகத்தர்கள், டவுனில் கடை வைத்திருப்பவர்கள், பிள்ளைகள் கொழும்பிலும் கட்டாரிலும் உழைத்து அனுப்பும் குடும்பங்கள் என்று இன்றைக்கும் பலர் கடன் கடிதத்தோடு வீட்டுக்கு வருகிறார்கள். பெரும்பாலும் கேட்பது ஒரே கேள்விகள். அவர்கள் கேட்ட வாக்கிலேயே இங்கே எழுதியிருக்கிறேன்.

கணக்குகளுக்கு ஒரே உதாரணத்தை எடுத்திருக்கிறேன்: கடன் 50 லட்சம், வருட வட்டி 12 சதவீதம், காலம் 20 வருடம். இன்றைய வட்டி இதுதான் என்று நினைக்க வேண்டாம். 12 என்றால் மாதத்துக்குச் சரியாக 1 சதவீதம், கையால் கணக்குப் பார்க்கச் சுலபம் என்பதால் அதை எடுத்தேன்.

சேர், 50 லட்சம் எடுத்தா மொத்தமா எவ்வளவு திருப்பிக் கட்டணும்?

மாதத் தவணை ஏறக்குறைய 55,054 ரூபா. 240 மாதத்துக்குக் கூட்டினால் 1 கோடியே 32 லட்சத்து 13 ஆயிரம். வாங்கியது 50 லட்சம், வட்டி மட்டும் 82 லட்சத்துக்கு மேல்.

இந்தத் தொகையைக் கேட்டு முகம் மாறாதவர்களை நான் பார்த்ததில்லை. வங்கி இதை மறைப்பதில்லை, நாம்தான் கேட்பதில்லை. "மாசம் எவ்வளவு வரும்?" என்று கேட்டு, சம்பளத்தில் அடங்கினால் சரி என்று எழுந்து வந்துவிடுகிறோம். மாதத் தவணையைக் கேட்ட அதே மூச்சில் மொத்தத் தொகையையும் கேளுங்கள்.

ஒரு வருசம் ஒழுங்கா கட்டிட்டேன். மீதியைப் பார்த்தா ஒண்ணுமே குறையல்ல. பேங்க்ல ஏமாத்துறாங்களா?

ஏமாற்றவில்லை. தவணையில் முதலில் கழிவது வட்டி, மிஞ்சுவதுதான் முதலுக்குப் போகும். முதல் மாதம் 50 லட்சத்துக்கு 1 சதவீத வட்டி 50,000. நீங்கள் கட்டிய 55,054இல் அது போக 5,054 ரூபாதான் கடனைக் குறைக்கிறது. அடுத்த மாதம் வட்டி 50 ரூபா குறையும், அந்த 50 ரூபா முதலின் பக்கம் சேரும். இப்படி மெல்ல மெல்லத்தான் நகரும்.

முதல் வருடம் நீங்கள் கட்டுவது 6 லட்சத்து 60 ஆயிரம், கடன் குறைவது 64 ஆயிரம். 5 வருடம் முடியும்போது 33 லட்சம் கட்டியிருப்பீர்கள், மீதி இன்னும் 45 லட்சத்து 87 ஆயிரம் நிற்கும். கடன் பாதியாகக் குறைய 15 வருடம் வேண்டும். வங்கியிடம் தவணை அட்டவணை கேட்டு வாங்கினால் ஒவ்வொரு மாதமும் வட்டி எவ்வளவு, முதல் எவ்வளவு என்று வரிசையாக இருக்கும். அந்தத் தாளைப் பார்க்காமல் கையெழுத்துப் போடவே கூடாது என்பது என் உறுதியான கருத்து.

ரெண்டு இடத்துலயும் 12 சதவீதம்னுதான் சொல்றாங்க. ஆனா தவணை வேற வேற மாதிரி வருதே?

ஓரிடத்தில் மீதிக்கு மட்டும் வட்டி, மற்ற இடத்தில் எடுத்த முழுத் தொகைக்கும் கடைசி வரை வட்டி. 10 லட்சத்தை 5 வருடத்துக்கு எடுத்தால், குறைந்துசெல்லும் மீதிக்கு 12 சதவீதம் என்றால் தவணை 22,244, மொத்த வட்டி 3 லட்சத்து 35 ஆயிரம். முழுத் தொகைக்கும் 12 சதவீதம் என்றால் தவணை 26,667, வட்டி 6 லட்சம். அந்த இரண்டாவது கடனின் உண்மையான வட்டி வருடத்துக்கு 20 சதவீதத்துக்கும் மேல்.

வங்கிகளின் வீட்டுக் கடன் பொதுவாக முதல் வகை. வாசலுக்கே வந்து கடன் தருகிறவர்களிடமும் தவணைக்குச் சாமான் தருகிறவர்களிடமும்தான் இரண்டாவது வகையை அதிகம் கண்டிருக்கிறேன். "வட்டி குறையுற மீதிக்கா, முழுத் தொகைக்கா?" என்று ஒரு கேள்வி போட்டால் தெரிந்துவிடும்.

20 வருசமா 25 வருசமா? தவணை குறையுறதுதானே நல்லது?

25 வருடமாக்கினால் தவணை 52,661 ஆகும். மாதம் 2,393 ரூபா குறைகிறது. அதற்காக மொத்தத்தில் நீங்கள் கூடுதலாகக் கட்டுவது 25 லட்சத்து 85 ஆயிரம்.

எதிர்ப்பக்கமும் பாருங்கள். 15 வருடத்தில் முடிப்பதென்றால் தவணை 60,008. மாதம் 5,000 ரூபா கூடக் கட்டினால் 24 லட்சம் மிச்சம். மலையகத்தில் ஒரு வீட்டுக்கு அணைச்சுவர் கட்டி, கூரையும் போட்டு, மீதியும் வைக்கலாம். சம்பளம் உண்மையிலேயே இடம் தராவிட்டால் நீண்ட காலத்தை எடுங்கள், குற்றமில்லை. ஆனால் காலத்தைக் கூட்டினால் வட்டியும் கூடும் என்று தெரிந்தே எடுங்கள். ஓய்வுபெறும் வயதையும் பாருங்கள். 45 வயதில் 20 வருடக் கடன் கேட்கிறவரிடம், சம்பளம் நின்ற பிறகு எதிலிருந்து கட்டுவீர்கள் என்று வங்கி நிச்சயம் கேட்கும்.

கடிதத்துல "ஏ.டபிள்யூ.பி.எல்.ஆர். கூட்டல் 2"னு இருக்கு. அது என்ன?

வங்கிகள் தங்கள் மிகச் சிறந்த வாடிக்கையாளர்களுக்குக் கொடுக்கும் கடனின் சராசரி வட்டியை மத்திய வங்கி ஒவ்வொரு வாரமும் வெளியிடுகிறது. அதுதான் சராசரி நிறையேற்றப்பட்ட முதன்மைக் கடன்வழங்கல் வீதம். உங்கள் வட்டி அதற்கு மேல் 2 சதவீதம் என்று எழுதியிருக்கிறது. அது ஏறினால் உங்கள் வட்டியும் ஏறும், இறங்கினால் இறங்கும்.

எத்தனை மாதத்துக்கு ஒரு தடவை திருத்துவார்கள், இதற்கு மேல் ஏறாது என்று உச்ச எல்லை உண்டா, இறங்கும்போதும் தாமாகவே குறைப்பார்களா என்ற மூன்றையும் கேளுங்கள். மூன்றாவதை யாரும் கேட்பதில்லை. பல குடும்பங்களுக்கு லட்சக்கணக்கில் நட்டம் வந்தது அந்த ஒன்றால்தான்.

2022ல தவணை கட்டியும் கடன் கூடுனதா சொல்றாங்களே, அது எப்படி?

2021 முடிவில் அந்த முதன்மை வீதம் 8.6 சதவீதம் அளவில் இருந்தது. 2022 ஏப்ரலில் மத்திய வங்கி, மற்ற வட்டிகளுக்கெல்லாம் அடிப்படையான தன் கொள்கை வட்டியை ஒரே நாளில் 7 சதவீதப் புள்ளிகள் உயர்த்தியது. அந்த வருட முடிவில் முதன்மை வீதம் 27 சதவீதத்தைத் தாண்டி நின்றது.

நம்முடைய உதாரணத்தில் 2 வருடம் கட்டிய பிறகு மீதி 48 லட்சத்து 64 ஆயிரம். வட்டி 18 சதவீதமானால் மாத வட்டி மட்டும் 72,955. பழைய தவணையான 55,054ஐயே கட்டிக்கொண்டிருந்தால் வட்டிக்கே போதாது. மிச்ச வட்டி நிலுவையாகச் சேரும், கடன் வளரும். அதே காலத்தில் முடிக்க வேண்டுமானால் தவணை 76,000 ஆக வேண்டும். சொல்லப்போனால் வட்டி 13.6 சதவீதத்தைத் தாண்டினாலே பழைய தவணையில் முதலுக்கு ஒரு சதமும் போகாது. ஆரம்ப வருடங்களில் முதலுக்குப் போகும் பங்கு அவ்வளவு சிறியது, இரண்டாவது கேள்வியில் பார்த்தோமே.

அந்த நாட்களில் தவணைத் தொகை மாறவில்லை என்று நிம்மதியாக இருந்தவர்கள்தான் அதிகம் அடிபட்டார்கள். தவணை மாறாமல் வட்டி மட்டும் ஏறினால் காலம் நீளும், அல்லது கடைசியில் பெரிய மீதி நிற்கும். வட்டி மாறியதாகக் கடிதம் வந்த அன்றே போய்ப் புதிய அட்டவணை கேளுங்கள்.

நிலையான வட்டி எடுத்தா பயமில்லைதானே?

எத்தனை வருடத்துக்கு நிலையானது என்று பாருங்கள். முதல் சில வருடம் மட்டும் நிலையாக இருந்து, பிறகு மாறும் வட்டிக்குப் போகும் கடன்கள் உண்டு. விளம்பரத்தில் பெரிய எழுத்தில் இருப்பது அந்த முதல் சில வருடத்து வட்டிதான்.

வட்டியைத் தவிர வேற என்ன செலவு வரும்?

கடன் கைக்கு வரும் முன்பே பணம் போகத் தொடங்கும். விண்ணப்பக் கட்டணம், காணியை மதிப்பிடுபவரின் கட்டணம், காணிப் பதிவகத்தில் பழைய உறுதிகளைத் தேடும் செலவு, சட்டத்தரணியின் அறிக்கை, ஈட்டு உறுதி எழுதும் நொத்தாரிசுக் கட்டணம், முத்திரைத் தீர்வை, பதிவுக் கட்டணம் எல்லாம் உண்டு. பிரதேச சபையில் வீதி எல்லைச் சான்றிதழும் உரிமைச் சான்றிதழும் எடுக்க வேண்டும். பிளான் பழையது என்றால் நில அளவையாளரைத் திரும்பக் கூப்பிட வேண்டும். உறுதியில் தாத்தாவின் பெயர் இருந்து பங்கு பிரிக்காமல் கிடந்தால் அதற்கே ஒரு வருடம் போகலாம்.

மலைநாட்டுக்கென்று இன்னும் இரண்டு செலவு உண்டு. மண்சரிவு அபாயமுள்ள மாவட்டங்களில் கட்டட அனுமதிக்குத் தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனத்தின் அறிக்கை தேவை. அதைக் கடதாசி வேலை என்று நினைக்காதீர்கள். 2014 ஒக்டோபர் 29இல் கொஸ்லாந்தை மீரியாபெத்தையில் நடந்த மண்சரிவு நமக்கு மறக்காது. அவர்கள் வேண்டாம் என்ற இடத்தில் 20 வருடக் கடனில் வீடு கட்டவே கூடாது. இரண்டாவது, மண் வெட்டி, அணைச்சுவர் கட்டி, தண்ணீர் ஓடக் கான் போடும் செலவு. கம்பளைச் சந்தியில் இறக்கிய மணலைச் சின்ன லொறியில் மேலே ஏற்றும் கூலியும் இதோடு சேரும். வீட்டின் மதிப்பீட்டில் அணைச்சுவருக்குப் போட்ட காசு முழுதாக ஏறி நான் பார்த்ததில்லை. அதனால் கடன் கூரை மட்டத்தோடு முடிந்து, மிச்சத்துக்கு அதிக வட்டியில் இரண்டாவது கடன் எடுக்கிறார்கள். முதலிலேயே சுவருக்கும் சேர்த்து மதிப்பீட்டுச் செலவு எழுதிக்கொண்டு போங்கள்.

காப்புறுதிக் காசையும் கடனோட சேர்த்துட்டாங்க. பரவாயில்லையா?

காப்புறுதி வேண்டும். கடன்காரர் இறந்தால் மீதியைக் காப்புறுதி அடைக்கும், வீடு பிள்ளைகளிடம் இருக்கும். ஆனால் 2 லட்சக் கட்டணத்தைக் கடனோடு சேர்த்தால் அதற்கும் 20 வருடம் வட்டி ஓடும், கடைசியில் அது 5 லட்சத்து 28 ஆயிரமாக நிற்கும். முடிந்தால் கையில் கட்டிவிடுங்கள்.

வீட்டுக்கான காப்புறுதி வேறு. தீ மட்டும்தானா, மண்சரிவும் வெள்ளமும் அடங்குமா என்று பத்திரத்தில் வாசித்துப் பாருங்கள். நம்முடைய பக்கத்தில் தீயை விட மண்ணுக்குத்தான் பயப்பட வேண்டும்.

வீடு கட்டி முடியும் வரைக்கும் தவணை இல்லைன்னு சொன்னாங்க. நல்லதுதானே?

தவணை இல்லை, வட்டி உண்டு. அத்திவாரம், சுவர், கூரை என்று கட்டம் கட்டமாகப் பணம் விடுவார்கள், விட்ட தொகைக்கு அன்றிலிருந்தே வட்டி ஓடும். மழைக்காலத்தில் வேலை நின்றாலும் வட்டி நிற்காது. அந்த வட்டியை மாதாமாதம் கட்டிவிடுவது நல்லது, இல்லையென்றால் அது முதலோடு சேரும்.

2020ல ஆறு மாசம் தவணை கட்ட வேணாம்னு சலுகை கொடுத்தாங்க. அதுக்கும் காசு எடுத்தாங்களா?

சலுகை என்பது தவணைக்குத்தான். 50 லட்சத்தில் ஆறு மாதம் கட்டாமல் விட்டால், மேலே சொன்ன அதே காரணத்தால், 3 லட்சத்துக்கு மேல் வட்டி சேரும். வேலை போனவர்களுக்கு அது உயிர் காத்தது. சம்பளம் ஒழுங்காக வந்தவர்கள் அதை எடுத்திருக்கத் தேவையில்லை.

சீட்டுக் காசு 5 லட்சம் வருது. கடன்ல போடவா?

போடுங்கள், ஆனால் போடும்போது ஒரு வார்த்தை எழுதிக் கொடுங்கள்: "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்." 2 வருடம் முடிந்ததும் 5 லட்சம் கட்டி, தவணையை 55,054ஆகவே வைத்திருந்தால் கடன் ஏறக்குறைய 4 வருடம் 10 மாதம் முந்தி முடியும். போட்ட 5 லட்சத்தைக் கழித்துப் பார்த்தாலும் 26 லட்சத்து 87 ஆயிரம் மிச்சம். அதே 5 லட்சத்துக்குத் தவணையை 49,395ஆகக் குறைத்துக் காலத்தை அப்படியே வைத்தால் மிச்சம் 7 லட்சத்து 22 ஆயிரம்தான்.

நான் மிக அதிகமாகச் சொல்லிக் கொடுத்த கணக்கு இதுதான், கேட்டவர்கள் மிகக் குறைவாகவே செய்ததும் இதுதான். தவணை குறைந்தால் கைக்கு உடனே தெரிகிறது, காலம் குறைவது கண்ணுக்குத் தெரிவதில்லை. ஆரம்ப வருடங்களில் கட்டும் மேலதிகப் பணத்துக்குத்தான் பலன் அதிகம். முன்கூட்டிக் கட்டுவதற்குக் கட்டணம் உண்டா என்று கடிதத்தில் பார்த்துக்கொள்ளுங்கள்.

அதை பிக்சட்ல போட்டா வட்டி வருமே?

வைப்புக்குக் கிடைக்கும் வட்டி கடன் வட்டியை விடக் குறைவாகவே இருக்கும். அதிலும் 2025 ஏப்ரலிலிருந்து 10 சதவீத வரி பிடித்துவைக்கிறார்கள். மூன்று மாதத் தவணையை அவசரத்துக்கு வைப்பில் வைத்துக்கொண்டு, மீதியைக் கடனில் போடுவதே என் யோசனை.

ஈ.பி.எப்.ஐக் காட்டிக் கடன் எடுக்கலாமாமே?

ஆம், ஈ.பி.எப். என்ற ஊழியர் சேமலாப நிதியில் உங்கள் கணக்கில் உள்ளதில் 75 சதவீதம் வரை பிணையாகக் காட்டி, அனுமதி பெற்ற வங்கிகளில் வீட்டுக் கடன் எடுக்கலாம். தவணை தவறினால் நிலுவை அந்தக் கணக்கிலிருந்தே கழியும். 55 வயதில் காசோலை வாங்கப் போகும்போதுதான் பலருக்கு அது தெரியவருகிறது. வேறொரு வழியும் உண்டு. 10 வருடச் சேவையும் கணக்கில் 3 லட்சமும் இருந்தால் 30 சதவீதம் வரை, உச்சமாக 20 லட்சம், வீட்டுத் தேவைக்கு எடுக்கலாம். எடுத்த பணத்துக்குக் கிடைத்திருக்கும் வருடாந்த வட்டி போய்விடும், அதுவும் ஒரு செலவுதான்.

நாங்க லயத்துல, தோட்டத்து வரிசை வீட்டுல இருக்கோம். தோட்டத்துக் காணிக்குக் கடன் கொடுப்பாங்களா?

காணி அரசுக்குச் சொந்தம், கம்பனிகள் அதைக் குத்தகைக்கு வைத்திருக்கின்றன. உங்கள் பெயரில் உறுதி இல்லாத வீட்டை வங்கி ஈடாக ஏற்காது. இரண்டு நூற்றாண்டாக இந்த மண்ணில் உழைத்தவர்களுக்கு வங்கிக் கதவு திறக்காததன் வேர் அங்கேதான் இருக்கிறது. வட்டி குறைந்த கடன் உறுதி உள்ளவனுக்கு, வட்டி கூடிய கடன் உறுதி இல்லாதவனுக்கு என்று ஆகிவிட்டது.

அதனால் லயத்தில் அறை நீட்டுகிறவர்கள் வாராந்தக் கடனிலும் ஆள் பிணைக் கடனிலும் போய் விழுகிறார்கள். அங்கே மூன்றாவது கேள்வியில் சொன்ன கணக்கைப் போட்டுப் பார்த்துவிட்டே எடுங்கள். வீடமைப்புத் திட்டத்தில் 7 பேர்ச் காணி கிடைத்தவர்கள், உறுதி பதிவாகி வந்ததா, அதை ஈடு வைக்க நிபந்தனை ஏதும் எழுதியிருக்கிறதா என்று சட்டத்தரணியிடம் காட்டுங்கள்.

வேற பேங்க்ல வட்டி குறைவா இருக்கு. மாத்தட்டா?

முதலில் உங்கள் வங்கிக்கே கடிதம் எழுதி வட்டியைக் குறைக்கக் கேளுங்கள். செலவில்லாத வழி அது, ஒழுங்காகக் கட்டுகிறவரைப் போகவிட வங்கிக்கும் விருப்பமிருக்காது.

சம்மதிக்காவிட்டால் கணக்கைப் பாருங்கள். 5 வருடம் முடிந்து 45 லட்சத்து 87 ஆயிரம் மீதி. வட்டி 12இலிருந்து 10.5 ஆனால் மிச்சமுள்ள 15 வருடத்துக்குத் தவணை 50,707, மாதம் 4,347 மிச்சம். முன்கூட்டி முடிக்கும் கட்டணம், புதிய மதிப்பீடு, புதிய ஈட்டு உறுதி எல்லாம் சேர்த்து இரண்டரை லட்சம் என்றால் அந்தச் செலவு திரும்பி வரவே ஏறக்குறைய 5 வருடம் ஆகும். கடன் முடிய 5, 6 வருடமே இருக்கிறவர்கள் மாற்றுவதில் பெரிய இலாபமில்லை.

காசோட பெறுமதிதான் குறையுதே. பத்து வருசத்துல 55,000 ஒரு காசா?

சம்பளமும் விலையோடு சேர்ந்து ஏறினால் இந்த வாதம் சரி. 2022 செப்டெம்பரில் கொழும்பு விலைச்சுட்டெண்படி பணவீக்கம் 69.8 சதவீதம். தோட்டத் தொழிலாளியின் குறைந்தபட்ச நாட்சம்பளம் 2021இல் 1,000 ரூபா, 2024இல் 1,350. அந்த வீட்டில் காசின் பெறுமதி குறைந்ததால் கடன் இலேசாகவில்லை, அரிசி வாங்கிய பிறகு தவணைக்கு மிஞ்சுவதுதான் குறைந்தது. மாறும் வட்டிக் கடனில் விலை ஏறும்போது வட்டியும் ஏறும் என்பதையும் பார்த்தோம்.

நகையை அடகு வெச்சுத் தவணை கட்டட்டா?

ஒரு மாத நெருக்கடிக்கு வைக்கலாம், அடுத்த மாதம் மீட்க வழி தெரிந்திருந்தால். தொடர்ந்து இரண்டாவது மாதமும் அடகுக் கடைக்குப் போக நேர்ந்தால் அங்கே போகாமல் வங்கிக்குப் போங்கள். தவறிய தவணைக்கு அபராத வட்டி ஏறும், கடன் தகவல் பணியகத்தில் பதிவாகும், மூன்று மாதம் தாண்டினால் செயற்படாக் கடன் என்று ஒதுக்கிவிடுவார்கள். 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ் நீதிமன்றம் போகாமலே ஈட்டுச் சொத்தை ஏலம் விடும் அதிகாரமும் வங்கிகளுக்கு உண்டு, பராட்டே என்பது அதுதான். நிலுவை சேரும் முன் போகிறவருக்குக் காலத்தை நீட்டிக் கொடுக்கிறார்கள். அறிவித்தல் வந்த பிறகு போகிறவருக்குப் பேச அதிகம் மிஞ்சுவதில்லை.

கடிதம் எல்லாம் இங்கிலீசுல. எங்க கையெழுத்துப் போடணும்னு மட்டும் காட்டுறாங்க.

முக்கிய நிபந்தனைகளைத் தமிழில் தரும்படி கேளுங்கள், அது உங்கள் உரிமை. சங்கடப்படத் தேவையில்லை. கடிதத்தை ஒரு நாள் வீட்டுக்குக் கொண்டுபோய் வாசித்துவிட்டு வருகிறேன் என்று சொல்லுங்கள். மறுக்கும் இடத்தில் கடன் எடுக்க வேண்டாம். வங்கி முறைப்பாட்டுக்குப் பதில் தராவிட்டால் மத்திய வங்கியின் நிதிசார் வாடிக்கையாளர் தொடர்புகள் பிரிவுக்கு 1935 என்ற இலக்கத்தில் பேசலாம்.

கடைசித் தவணையும் கட்டியாச்சு. இனி ஒண்ணும் இல்லைதானே?

காணிப் பதிவகத்தில் அந்த வீடு இன்னும் வங்கிக்கு ஈடு வைத்ததாகவே இருக்கும். வங்கி ஈட்டு விடுவிப்பில் ஒப்பமிட்டு, அது பதிவகத்தில் பதிவான பிறகே காணி பாரமில்லாமல் உங்களுடையது. நொத்தாரிசுக்கும் பதிவுக்கும் ஒரு செலவு உண்டு, அதையும் எடுத்து வையுங்கள்.

மூல உறுதி, பிளான், காப்புறுதிப் பத்திரம், நிலுவை இல்லை என்ற கடிதம் நான்கையும் எண்ணி வாங்குங்கள். பல வருடம் கழித்துப் பிள்ளைகள் காணியைப் பிரிக்கப் போகும்போது பழைய ஈடு இன்னும் பதிவில் கிடப்பதைக் கண்டு, பெயர் மாறிப்போன கிளையைத் தேடி அலைந்த குடும்பங்களை எனக்குத் தெரியும். கடைசித் தவணை கட்டும் அன்றே விடுவிப்புக்கான விண்ணப்பத்தையும் எழுதிக் கொடுத்து, பெற்றுக்கொண்டதாகப் பிரதியில் ஒப்பம் வாங்கிக்கொள்ளுங்கள்.